எதிரிடை அனுபவம்

9 ஜனவரி 2023, திங்கள்

வக்கீல் அய்யாதுரை சொன்னதால் இந்த நோட்டைத் தொடங்குகிறேன். வாய்தா தேதிகளையும் அன்றன்று நடந்ததையும் குறித்து வைத்துக்கொள்ள வேண்டுமாம். கூண்டில் ஏறினதும் எல்லாருக்கும் வருஷங்கள் குழம்பிவிடுகிறதாம். எனக்குக் குழம்பாது. முப்பத்தோரு வருஷம் மிஷன் ஆஸ்பத்திரியில் நர்ஸாக இருந்தவள். யாருக்கு எத்தனை மணிக்கு என்ன மருந்து கொடுத்தேன் என்று எழுதாமல் வார்டை விட்டு வெளியே வந்ததில்லை.

வழக்கு விவரம். திண்டுக்கல் செபஸ்தியார் நகரில் நாங்கள் குடியிருக்கும் ஐந்து சென்ட் இடமும் வீடும். வாதி பிலோமினா, வயது 63. பிரதிவாதி சுலோச்சனா, வயது 60, அதாவது நான். இடம் தனக்குச் சொந்தம் என்று அறிவித்து, எங்களைக் காலி செய்யச் சொல்ல வேண்டும் என்று போன வருஷம் வழக்குப் போட்டிருக்கிறாள். 1994-இல் அவள் பெயருக்கு ஆன கிரயப் பத்திரம் அவளிடம் இருக்கிறது. நாங்கள் 1997 ஜூனிலிருந்து இங்கே இருக்கிறோம்.

நாங்கள் என்றால் நான், மகன் மதியழகன், மருமகள் வினோதா, பேத்தி தன்யா. மதி நூல் மில்லில் சூப்பர்வைசர்.

பிரஷர் 150/90.

11 ஜனவரி, புதன்

குழாயில் தண்ணீர் வரவில்லை. தன்யாவுக்குச் சளி. வேறு ஒன்றுமில்லை.

22 ஜனவரி, ஞாயிறு

பரணில் இருந்த தகரப் பெட்டியை மதி இறக்கிக் கொடுத்தான். 2004 முதல் வீட்டு வரி ரசீது முழுக்க இருக்கிறது, எல்லாம் என் பெயரில். கரண்ட் கார்டு, கேஸ் புத்தகம், ரேஷன் கார்டு, வாக்காளர் பட்டியல். மதிக்கு ஒரே சந்தோஷம். ஒவ்வொன்றையும் வருஷ வாரியாக அடுக்கினான். "இத்தன பேப்பரு இருக்கும்மா. பெரியம்மா வாயால குடுத்துட்டு இப்ப இல்லேன்னா யாரு நம்புவா?" என்றான்.

அவன் சின்ன வயதில் பிலோமியைப் பெரியம்மா என்றுதான் கூப்பிடுவான். இப்போதும் அந்த வார்த்தை மாறவில்லை. வீட்டை அவள் எங்களுக்கே கொடுத்துவிட்டாள் என்று அவனுக்குத் தெரியும். அதாவது, நான் அப்படிச் சொல்லியிருக்கிறேன்.

வீட்டு வரி பெயர் மாற்றியதைப் பற்றி வக்கீல் கேட்டால் சொல்ல வேண்டியது: முனிசிபாலிட்டியிலிருந்து வந்தவர் குடியிருப்பவர் பெயரில் போட்டால் சுலபம் என்றார். நான் சரி என்றேன். அவ்வளவுதான் நடந்தது.

பெட்டியின் அடியில் சவுதியிலிருந்து வந்த கடிதங்கள் பதினொன்று இருந்தன. அவற்றில் வழக்குக்கு வேண்டியது ஒன்றுமில்லை.

3 பிப்ரவரி, வெள்ளி

வக்கீல் ஆபீசில் இரண்டு மணி நேரம். மின்விசிறி ஓடவில்லை.

பத்திரம் அவளிடம் இருக்கும்வரை இடம் எங்களுடையது என்று நேராகச் சொல்ல முடியாதாம். வாயால் கொடுத்தாள் என்பதும் செல்லாதாம். ஒரே ஒரு வழிதான் இருக்கிறது. எதிரிடை அனுபவம். பன்னிரண்டு வருஷத்துக்கு மேலாக, உரிமைக்காரிக்குத் தெரியும்படி, அவளை எதிர்த்து, என் இடம் என்று சொல்லி அனுபவித்து வந்தேன் என்று நிரூபித்தால் இடம் எனக்கு.

எதிர்த்து என்றால் எப்படி என்று கேட்டேன்.

"விரோதமா. அவங்க யாரோ, நீங்க யாரோ. அவங்க இடம்னு தெரிஞ்சே உக்காந்துட்டீங்க. இத்தன வருஷம் அவங்க கேக்கல. அப்படித்தான் இருக்கணும்."

"நாங்க ஒரே ஆஸ்டல் ரூம்ல இருந்தவங்க சார்."

அவர் பேனாவை மூடி வைத்தார். "அது எங்கயும் வரக்கூடாதும்மா. அவங்க சொல்லித்தான் குடியிருந்தீங்கன்னு ஒரு வார்த்த வந்தாலும் கேஸ் முடிஞ்சுது. பாத்துக்கன்னு குடுத்த வீட்டுல நூறு வருஷம் இருந்தாலும் அது அவங்க வீடுதான்."

அவங்க சொல்லித்தான் இருந்தீங்களா என்று அவர் கேட்கவில்லை. நானும் சொல்லவில்லை. பிறகு, எப்படி உள்ளே வந்தோம் என்று ஒரு வரி வேண்டும் என்றார். வீடு பூட்டியிருந்ததா? பூட்டியிருந்தது என்றேன். "அப்ப பூட்ட ஒடச்சுத்தான் போயிருப்பீங்க" என்றார். நான் தலையாட்டினேன். பொய் சொல்லவில்லை, தலையாட்டினேன்.

5 பிப்ரவரி, ஞாயிறு

காலையில் தன்யாவைக் குளிப்பாட்டத் தண்ணீர் அடுப்பு பற்றவைத்தேன். விறகு ஈரம். பெட்டியில் கிடந்த பழைய காகிதங்களைப் போட்டுத்தான் பிடித்தது. நல்ல கனமான காகிதம், வெகுநேரம் எரிந்தது.

மதியம் கத்தரிக்காய்க் குழம்பு. வினோதா வைத்தாள். எனக்குச் சாப்பிடப் பிடிக்கவில்லை.

14 மார்ச், செவ்வாய்

வாய்தா. வேறு தேதி போட்டார்கள். ஆனால் பிலோமியைப் பார்த்தேன்.

பார்த்து எட்டு வருஷத்துக்கு மேல் என்று எழுத வந்தேன். தப்பு. பார்த்து இருபத்திரண்டு வருஷம். 2001-இல் ஒரு முறை வந்து நான்கு நாள் தங்கினாள். சவுதியிலிருந்து லீவில் வந்தால் பெங்களூரில் தங்கை வீட்டுக்கு, அம்மாவைப் பார்க்கத்தான் போவாள். எட்டு வருஷம் ஆகிறது என்பது போனில் பேசி.

கோர்ட் வராந்தா பெஞ்சின் ஓரத்தில் உட்கார்ந்திருந்தாள். வலது முழங்கால் வீங்கியிருந்தது, உட்கார்ந்திருந்த விதத்திலேயே தெரிந்தது. தலை முழுக்க நரை. நான் அவளைத் தாண்டித்தான் போக வேண்டும். தாண்டும்போது மெதுவாகக் கேட்டாள்: "சுலோ, மதி எப்படி இருக்கான்?"

எதிர்த்தரப்போடு பேசக் கூடாது என்று வக்கீல் சொல்லியிருந்தார். அதனால் பேசவில்லை.

மதி அன்று வேலைக்குப் போயிருந்தான். வந்திருந்தால் அவன் பேசியிருப்பான்.

15 மார்ச், புதன்

பக்கத்துத் தெருவிலிருந்து மூன்று பேர் பிரஷர் பார்க்க வந்தார்கள். மூவருக்கும் சரியாக இருந்தது. எனக்கு 164/96.

26 மார்ச், ஞாயிறு

வழக்குக்கு வேண்டாதது, என்றாலும் எழுதுகிறேன்.

ஆஸ்பத்திரியில் பிலோமி எனக்கு மூன்று வருஷம் சீனியர். முதல் முறை எனக்கு நரம்பு கிடைக்காமல் ஒரு குழந்தைக்கு நான்கு இடத்தில் ஊசி குத்தி அழுதுகொண்டு நின்றபோது, ஒரு வார்த்தை பேசாமல் ஊசியை வாங்கி, போட்டு, என் கையிலேயே திருப்பிக் கொடுத்தாள். குழந்தையின் அம்மா என்னைத்தான் நல்ல நர்ஸ் என்று நினைத்தாள். அப்படிப்பட்டவள்.

என் வீட்டுக்காரர் மஞ்சள் காமாலையில் 1996 டிசம்பரில் போனார். மதிக்கு மூன்று வயது. வாடகை வீட்டில் சாவு விழுந்ததும் காலி செய்யச் சொன்னார்கள். பிலோமிக்கு அப்போதுதான் சவுதி விசா வந்தது. அவளுக்குச் செபஸ்தியார் நகரில் இரண்டு அறை ஓட்டு வீடு இருந்தது.

அதற்குப் பிறகு நடந்ததை இங்கே எழுதினால் நாளைக்கு இந்த நோட்டையே கேட்பார்கள்.

19 ஏப்ரல், புதன்

பிலோமியின் சாட்சியம். மதி லீவு போட்டு வந்து என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தான்.

நிற்க முடியாததால் அவளுக்கு நாற்காலி போட்டார்கள். அய்யாதுரை நிறையக் கேட்டார். வாடகை வாங்கினீர்களா? இல்லை. ஒப்பந்தம் எழுதினீர்களா? இல்லை. வரி கட்டினீர்களா? இல்லை. புதுசாகத் தளம் போட்டு வீடு கட்டியது தெரியுமா? போன வருஷம் வந்து கேட்டுக்கு வெளியே நின்று பார்த்தபோதுதான் தெரியும். எல்லாவற்றுக்கும் இல்லை, தெரியாது என்று அவள் சொல்லச் சொல்ல, அய்யாதுரையின் குரல் ஏறிக்கொண்டே போனது. பார்த்துக்கொள்ளும்படி வீட்டைக் கொடுத்ததற்கு ஒரு துண்டுக் காகிதமாவது இருக்கிறதா என்று கடைசியில் கேட்டார்.

"நான் எழுதுன லெட்டர்ல இருக்கு" என்றாள்.

"அந்த லெட்டர் எங்க?"

"சுலோகிட்ட இருக்கும். அவ எதையும் தூக்கிப் போடுறவ இல்ல."

"அவங்க எழுதின பதில்?"

பெங்களூரில் தங்கை வீட்டுக்குள் வெள்ளம் வந்தபோது தன் பெட்டி நனைந்து எல்லாம் போய்விட்டது என்றாள். அய்யாதுரை சிரித்தார். நீங்கள் சொல்வது அத்தனையும் பொய் என்கிறேன் என்றார். அது அவர்கள் வழக்கமாகச் சொல்வது. அவள் அதற்குக் கோபப்படவில்லை. என்னைக் கையால் காட்டி, நீதிபதியிடம் சொன்னாள்.

"அவகிட்டயே கேளுங்கய்யா. அவ சொல்லுவா."

வெளியே வந்ததும் அய்யாதுரை மதியின் தோளைத் தட்டினார். அவர்கள் பக்கம் ஒன்றுமே இல்லை, ஜெயித்த மாதிரிதான் என்றார். மதி எனக்கு இளநீர் வாங்கித் தந்தான். பெரியம்மாவுக்கு நடக்கவே முடியவில்லையே, யார்கூட வந்தார்கள் என்று கேட்டான். தெரியாது என்றேன்.

20 ஏப்ரல், வியாழன்

பதினொன்றும் எரிந்துவிட்டது. ஒன்றையாவது படித்துவிட்டுப் போட்டிருக்கலாம்.

18 மே, வியாழன்

கோர்ட்டுக்குக் கோடை விடுமுறை. மாங்காய் ஊறுகாய் போட்டோம். தன்யாவுக்கு வேர்க்குரு.

2015-இல் பிலோமி போன் செய்தது நினைவு வருகிறது. பேசினோம். என்ன பேசினோம் என்று தெரியவில்லை. அதற்கப்புறம் என் போன் பழுதாகி நம்பர் மாறிவிட்டது.

12 ஜூன், திங்கள்

என் நிரூபண வாக்குமூலத்தில் கையெழுத்துப் போட்டேன். ஆறு பக்கம், ஒவ்வொரு பக்கத்தின் கீழும். மூன்றாவது பக்கத்தில் இருக்கிறது: "கேட்பாரற்றுக் கிடந்த மேற்படி வீட்டின் பூட்டை உடைத்து, நானே உரிமையாளர் என்ற எண்ணத்துடன் வாதிக்கு விரோதமாக உட்புகுந்து, அன்றுமுதல் யாதொரு இடையூறுமின்றி அனுபவித்து வருகிறேன்."

படித்துப் பார்த்துச் சரியென்று ஒப்புக்கொண்டு கையெழுத்திட்டதாகக் கடைசி வரி. நோட்டரி என் முகத்தைப் பார்க்காமல் முத்திரை குத்தினார்.

வீட்டுக்கு வந்ததும் மதி காகிதத்தை வாங்கிப் படித்தான். பூட்டை உடைத்தோம் என்று ஏன் போட்டிருக்கிறார்கள், பெரியம்மாதானே கொடுத்தார்கள் என்று கேட்டான். சட்டத்துக்காக அப்படி எழுதுவார்கள் என்றேன். அவன் சரி என்றுவிட்டான். நான் சொன்னால் அவன் எப்போதும் சரி என்றுவிடுவான். இப்படி ஒரு பிள்ளையிடம்தான் இத்தனை வருஷம்...

4 ஜூலை, செவ்வாய்

நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

பதினொன்றரைக்குக் கூப்பிட்டார்கள். பிலோமியின் வக்கீல் நசீமா என்று ஒரு பெண், முப்பது வயதுக்குள் இருக்கும். குரலை உயர்த்தவே இல்லை. 1997-இல் எந்த மாதம் வீட்டுக்குள் போனீர்கள் என்று கேட்டாள். ஜூன் என்றேன். சாவி யார் கொடுத்தது என்றாள். சாவி யாரும் தரவில்லை, பூட்டை உடைத்துத்தான் போனோம் என்றேன். குரல் நடுங்கவில்லை. நானே ஆச்சரியப்பட்டேன். எதால் உடைத்தீர்கள் என்றாள். கல்லால் என்றேன். யார் உடைத்தது? நான்தான். மூன்று வயதுப் பிள்ளையை எங்கே நிறுத்தியிருந்தீர்கள்? வாசலில்.

மதி இரண்டாவது வரிசையில் இருந்தான். பிலோமி சுவர் ஓரம்.

அந்தப் பெண் ஒரு தாளைப் புரட்டினாள். கேட்பாரற்றுக் கிடந்த வீடு என்று வாக்குமூலத்தில் சொல்லியிருக்கிறீர்களே, உள்ளே என்ன இருந்தது, ஞாபகம் இருக்கிறதா என்று கேட்டாள். ஒன்றும் இல்லை என்று சொன்னால் போதும். ஆனால் ஞாபகம் இருக்கிறதா என்று யாராவது கேட்டால் எனக்குப் பொறுக்காது. வார்டு மாற்றிக் கொடுக்கும்போது ஒப்பிப்பதுபோல ஆரம்பித்துவிட்டேன். முன் அறையில் ஒரு மரப் பெஞ்சு. அடுப்படியில் மண்ணெண்ணெய் ஸ்டவ், அலுமினியப் பானை இரண்டு, அரிசி டின். உள் அறையில் ஒரு கட்டில், ஒரு பக்கம் சுவரோடு, இன்னொரு பக்கம் புதுசாகப் பலகை அடித்தது.

"பலகை எதுக்கு?" என்றாள்.

"பையன் தூக்கத்துல உருண்டு விழுந்துறக் கூடாதுன்னு."

சொன்ன பிறகுதான் என் காதில் விழுந்தது. அய்யாதுரை எழுந்தார். நீதிபதி அவரை உட்காரச் சொன்னார்.

அந்தப் பெண் அவசரப்படவில்லை. "அம்மா, வாதிக்குக் கல்யாணம் ஆகல. பிள்ளை இல்ல. பூட்டிக் கிடந்த வீட்டுல, எந்தப் பையன் விழுந்துறக் கூடாதுன்னு பலகை அடிச்சாங்க?"

நான் பிலோமியைப் பார்க்கவில்லை. மதியைப் பார்த்தேன். அவன் முன்னால் குனிந்து, பதிலுக்காகக் காத்திருந்தான், மற்றவர்களைப் போலவே.

"எம் பையன்" என்றேன். "பிலோமிக்கா ஆசாரியக் கூப்பிட்டு அடிக்கச் சொன்னாங்க. அரிசி டின்ன அவங்கதான் ரொப்பி வச்சாங்க. சாவிய எங்கையில குடுத்து, நான் வர்ற வரைக்கும் இரு சுலோ, வாடகை கீடகைன்னு பேசாதன்னு சொன்னாங்க. பூட்ட நான் ஒடைக்கல."

நீதிபதி இன்னொரு முறை சொல்லச் சொன்னார். டைப் அடிப்பவருக்காக மெதுவாகச் சொன்னேன். கடிதங்கள் இருந்தனவா என்று அந்தப் பெண் கேட்டாள். இருந்தன, பதினொன்று, பிப்ரவரியில் எரித்துவிட்டேன் என்றேன். வேறு கேள்வி இல்லை என்று உட்கார்ந்துவிட்டாள்.

கூண்டிலிருந்து இறங்கி மதியைத் தேடினேன். 

மதி பைக்கை எடுத்துக்கொண்டு போய்விட்டான். நான் டவுன் பஸ்ஸில் வந்தேன்.

5 ஜூலை, புதன்

மதி காலையில் சாப்பிடாமல் வேலைக்குப் போனான். அய்யாதுரைக்கு போன் செய்தேன், எடுக்கவில்லை. குமாஸ்தாதான் எடுத்தார். சார் கோபமாக இருக்கிறார் என்றார்.

9 ஜூலை, ஞாயிறு

ஐந்து நாள் கழித்து இன்று பேசினான். மொட்டை மாடியில் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தேன், அங்கேயே வந்தான்.

"கோர்ட்ல சொன்னதுக்கு நான் ஒண்ணும் சொல்லலம்மா. அது சரிதான். எங்கிட்ட ஏன் சொல்லல? இருபத்தஞ்சு வருஷத்துல ஒருநாளு தோணலையா? கல்யாணத்துக்கப்புறம் மில் சொசைட்டில கடன் வாங்கி இந்த மாடியக் கட்டுனேன். அன்னைக்கே சொல்லியிருந்தா கட்டியிருக்க மாட்டேன்ல."

தோன்றியது என்றேன். ஒவ்வொரு முறையும் தோன்றியது.

அவன் கேட்காததையும் சொன்னேன். வரிப் பெயர் மாற்ற யாரும் என்னைச் சொல்லவில்லை, நானேதான் போய் மனுக் கொடுத்தேன். 2014-இல் ஓட்டு வீட்டை இடித்துத் தளம் போட்டதை அவளிடம் சொல்லவில்லை. மறு வருஷம் அவள் போனில், வேலையை விட்டுவிட்டு ஊருக்கே வந்துவிடலாமா என்று பார்க்கிறேன், வீடு எப்படி இருக்கிறது என்று கேட்டாள். ஓடு உடைந்து ஒழுகுகிறது, சுவர் விரிசல் விட்டிருக்கிறது, இப்போது வராதீர்கள், சரிசெய்துவிட்டுச் சொல்கிறேன் என்றேன். புது வீட்டின் ஹாலில் நின்றுகொண்டு சொன்னேன். அடுத்த வாரம் நம்பரை மாற்றினேன். போன் பழுதாகவில்லை.

அவனுக்காகத்தான் செய்தேன் என்று சொல்ல வாய் வந்தது. சொல்லவில்லை. அவன் தலையில் அதையும் ஏற்றி வைக்க வேண்டாம்.

எல்லாவற்றையும் கேட்டுவிட்டு அவன் காயாத துணியை ஒன்றொன்றாக எடுத்து மடிக்க ஆரம்பித்தான். 

24 ஆகஸ்ட், வியாழன்

தீர்ப்பு. இடம் பிலோமினாவுக்குச் சொந்தம். மூன்று மாதத்துக்குள் சுவாதீனத்தை ஒப்படைக்க வேண்டும். என் சாட்சியத்தையே எடுத்துக் காட்டியிருக்கிறார் நீதிபதி. அப்பீல் போடலாம், ஆனால் பிரயோசனமில்லை என்றார் அய்யாதுரை. போட வேண்டாம் என்று மதி சொன்னான்.

வினோதா சாயங்காலம் தன்யாவின் பள்ளிக்கூட வேன் எந்தத் தெருக்களுக்கெல்லாம் வருகிறது என்று டிரைவரிடம் கேட்டுக்கொண்டிருந்தாள்.

10 செப்டம்பர், ஞாயிறு

வீடு பார்க்கப் போனோம். மூன்று வீடு. ஒன்றில் வெளிச்சமில்லை. ஒன்றில் மாடிப்படி செங்குத்து. மூன்றாவது பரவாயில்லை.

மாடி கட்டிய செலவைக் கொடுத்துவிடுவதாக பிலோமி வக்கீல் மூலம் சொல்லி அனுப்பினாள். மதி வேண்டாம் என்றுவிட்டான். வினோதா அவனோடு சண்டை போட்டாள். நியாயம்தான். அவள் நகையும் அந்த மாடியில் இருக்கிறது. என்னோடு சண்டை போட்டிருந்தால் தேவலாம் என்றிருந்தது. கடைசியில் வாங்கிக்கொள்ளச் சம்மதித்தான்.

29 அக்டோபர், ஞாயிறு

சாமான் போய்ச் சேர்ந்துவிட்டது. சாவியை நானே கொடுக்கிறேன் என்று சொல்லி இருந்துவிட்டேன். வீட்டைப் பெருக்கி, தண்ணீர் விட்டுக் கழுவி வைத்தேன்.

பதினோரு மணிக்கு பிலோமி அவள் தங்கை மகனோடு காரில் வந்தாள். அவன் காரிலேயே இருந்தான். அவள் மட்டும் சுவரைப் பிடித்துக்கொண்டு ஒவ்வொரு அறையாகப் பார்த்தாள். அவளுக்குத் தெரிந்த வீடு இதில் எதுவும் இல்லை. அடுப்படி இருந்த இடத்தில் இப்போது குளியலறை. நான் பின்னாலேயே போனேன், நோயாளிக்குப் பின்னால் போவதுபோல, விழுந்தால் பிடிக்க.

மன்னித்துக்கொள்ளுங்கள் என்று சொல்லத்தான் இருந்தேன். சொன்னேன்.

அவள் ஹால் ஜன்னலோரம் நின்றாள். கொஞ்ச நேரம் மூச்சு வாங்கிவிட்டுப் பேசினாள்.

"கோர்ட்ல நீ உண்மையச் சொல்லுவேன்னு எனக்குத் தெரியும். அதப் பத்தி ஒண்ணுமில்ல. வீடு கட்டுனதப் பத்தியும் ஒண்ணுமில்ல. கேட்டிருந்தா நானே கட்டிக்கன்னு சொல்லியிருப்பேன். அந்த வருஷம் போன்ல ஒழுகுதுன்னியே சுலோ. அன்னைக்கு நான் டிக்கெட் போட்டிருந்தேன். அம்மாவக் கூட்டிட்டு வந்து இங்க வச்சுக்கலாம்னு. தங்கச்சி வீட்டு ஹால்ல, டிவிக்கு எதுத்தாப்ல அம்மாவுக்குக் கட்டில். மறைச்சுத் துணி மாத்த ஒரு ஸ்கிரீன் கெடையாது. ஒழுகுற வீட்டுக்குப் படுத்த படுக்கையா இருக்குறவளக் கொண்டு வர முடியாதுன்னு கேன்சல் பண்ணேன். நீ சரிபண்ணிட்டுக் கூப்புடுவேன்னு இருந்தேன். அடுத்த ஏப்ரல்ல அந்த ஹால்லயே போயிட்டா."

அழவில்லை. டூட்டி நர்ஸிடம் ஒரு கேஸைச் சொல்வதுபோலச் சொன்னாள்.

 கோர்ட்டில் யாரும் இதைக் கேட்கவில்லை. இப்படி ஒன்று இருப்பதே எனக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் அன்று வேறு மாதிரி சொல்லியிருப்பேனா என்று பஸ்ஸில் வரும்போது என்னையே கேட்டுக்கொண்டேன். சொல்லியிருப்பேன் என்று எழுத ஆசையாக இருக்கிறது.

சாவியை ஜன்னல் கட்டையில் வைத்தேன். அவள் எடுக்கவில்லை. மதியை ஒரு நாள் வரச் சொல் என்றாள். என்னை வரச் சொல்லவில்லை.

12 நவம்பர், ஞாயிறு

தீபாவளி. மதி காலையில் பலகாரம் எடுத்துக்கொண்டு பெரியம்மாவைப் பார்க்கப் போனான். திரும்பி வந்து, முழங்காலுக்கு ஆபரேஷன் சொல்லியிருக்கிறார்களாம் என்று வினோதாவிடம் சொன்னான். என் காதில் விழும்படிதான் சொன்னான்.

17 நவம்பர், வெள்ளி

வீட்டுக்காரம்மா சரஸ்வதி கீழே குடியிருக்கிறார். நல்ல மாதிரி. நர்ஸ் என்று கேள்விப்பட்டு பிரஷர் பார்க்க வந்தார். 130/80. பார்த்து முடித்துக் கருவியைச் சுருட்டிக்கொண்டிருந்தபோது, இதற்கு முன்னால் எங்கே இருந்தீர்கள், சொந்த வீடா என்று கேட்டார்.

பழக்கத்தில் ஆமாம் என்றுதான் நாக்கு வரைக்கும் வந்தது.

"இல்லம்மா. சிநேகிதி வீடு. அவங்க வெளிநாடு போகும்போது பாத்துக்கன்னு குடுத்திருந்தாங்க. இருபத்தாறு வருஷம் இருந்தோம்."

"அடேயப்பா. இந்தக் காலத்துல யாரு குடுப்பா அப்படி. இப்பவும் பழக்கம் இருக்குதா?"

"பேச்சு இல்ல. தப்பு எம்மேல."

அவர் உப்பைக் குறைக்க வேண்டுமா என்று கேட்டார். குறைத்தால் நல்லது என்றேன். உள் அறையில் தன்யாவுக்குத் தலை வாரிக்கொண்டிருந்த மதியின் கை நின்று, மறுபடி வார ஆரம்பித்தது. "அம்மா, காப்பி இருக்கா?" என்று அங்கிருந்தே கேட்டான். எழுந்து போய்ப் பால் வைத்தேன்.